நூறு சதவிகித ஓவர்பைட்

ஒரு கேஸ் முடிந்துவிட்டால் ஷெரிஃப் வெண்டல் ஹௌக் தன் மேஜைமேல் ஒரு பெட்டி டோனட் வாங்கி வைப்பார். அந்த வெள்ளிக்கிழமை காலை இரண்டு பெட்டி இருந்தது. பார்த்த மாத்திரத்தில் ஹெஸ்டர் க்விஸ்டுக்குப் புரிந்துவிட்டது, மனிதர் தப்பான ஆளைப் பிடித்துவிட்டு ஏகப்பட்ட சந்தோஷத்தில் இருக்கிறார் என்று.

ஹெஸ்டர் ரொம்ப வருடம் இன்சூரன்ஸ் கம்பெனியில் பொய் சொல்கிறவர்களைக் கண்டுபிடித்துக்கொண்டிருந்தவள். இப்போது அதையே சொந்தத் தொழிலாகச் செய்கிறாள். கூட ஓர் உதவியாளன், டூலி. அவன் முன்பு பழைய கார் விற்றவன். அதாவது பொய் சொல்கிறவர்கள் தரப்பிலிருந்து வந்தவன். வேலையில் கெட்டி. வாய்தான் ஓயாது.

"வாங்க ஹெஸ்டர் மேடம். டோனட் எடுத்துக்குங்க. நான் பிடிச்சு வெச்சிருக்கிற ஆரினோட அக்கா உங்களைத் தேடி வந்தாங்களாமே? வீண் செலவுன்னு சொல்லி அனுப்பியிருக்கலாம்."

"சொன்னேன். கேக்கலை. அந்த போன் பதிவை எனக்குப் போட்டுக் காட்டுங்க, ஷெரிஃப். அப்புறம் நானே அவங்ககிட்ட எடுத்துச் சொல்றேன்."

விஷயம் இதுதான். ஓஸ்ட்பி ஊரில் டாக்டர் அமேலியா ரோனிங்கைத் தெரியாத வாய் கிடையாது. அந்த வட்டாரத்தில் பாதிப் பேருக்குப் பல்லுக்குக் கம்பி போட்டவள் அவள். எழுபது தாண்டி, கிளினிக்கை விற்றுவிட்டு, ஏரிக்கரை வீட்டில் தனியாக இருந்தாள். திங்கட்கிழமை சாயங்காலம் அவள் வீட்டு அடித்தளத்தில் ஒருவன் புகுந்து எதையோ தேடிக்கொண்டிருந்தான். முகத்தில் மான் வேட்டைக்காரர்கள் போடும் ஆரஞ்சு மாஸ்க். கண்ணுக்கும் வாய்க்கும் மட்டும் ஓட்டை. நவம்பரில் விஸ்கான்ஸினில் அந்த மாஸ்க் இல்லாதவனைத்தான் சந்தேகப்பட வேண்டும். சத்தம் கேட்டு இறங்கி வந்த டாக்டர்மேல் அவன் ஒரு பெரிய அலமாரியைத் தள்ளிவிட்டு ஓடினான். பழைய நோயாளிகளின் பல் அச்சுகள், பிளாஸ்டரில் செய்தவை, நூற்றுக்கணக்கில் நொறுங்கின. அவள் தலையும் தரையில் மோதியது. தவழ்ந்து போய் போனை எடுத்து போலீஸைக் கூப்பிட்டவள், பேசி முடிப்பதற்குள் நினைவிழந்தாள். இன்னும் கிரீன் பே ஆஸ்பத்திரியில் கண் திறக்கவில்லை.

ஷெரிஃப் கம்ப்யூட்டரைத் தட்டினார். மூச்சு வாங்கும் ஒரு கிழக்குரல் கேட்டது.

"மாஸ்க் போட்டிருக்கான்... ஆரஞ்சு. பேசலை. பல்லைக் கடிச்சுக்கிட்டுத் தள்ளினான்... பார்த்தேன். டீப் ஓவர்பைட். நூறு சதவிகிதம்."

பிறகு போன் தரையில் விழும் சத்தம். அவ்வளவுதான்.

"நூறு சதவிகிதமாம்! கேட்டீங்களா?" ஷெரிஃப் விரலில் ஒட்டிய சர்க்கரையை நக்கிக்கொண்டார். "எத்தனையோ சாட்சிங்களைப் பார்த்திருக்கேன். 'இருக்கலாம்', 'போல இருந்துது' இப்படித்தான் இழுப்பாங்க. இந்தம்மா மண்டை உடைஞ்ச நேரத்துலயும் நூறு சதவிகிதம் உறுதியாச் சொல்லியிருக்கு. ஓவர்பைட்டுன்னா எத்துப்பல்லு. சின்னப் பசங்களுக்குக்கூடத் தெரியும். ஊர்ல இருக்கிற எத்துப்பல்லையெல்லாம் கூப்பிட்டு வரிசையா நிக்க வெச்சேன். மூணு பேரு. ஒருத்தர் பாதிரியார். ஒருத்தர் சக்கர நாற்காலியில இருக்காரு. மிச்சம் யாரு?"

"கணக்குல புலி நீங்க," என்றான் டூலி. "காட்டு முயலுங்களையும் கூப்பிட்டு விசாரிச்சீங்களா?"

"ஆரின் பெல்டன்," என்றார் ஷெரிஃப், காதில் விழாததுபோல. "அன்னிக்குக் காலையிலதான் அந்தம்மா வீட்டுல விறகு இறக்கியிருக்கான். பல்லும் பொருந்துது, ஆளும் அங்கே இருந்திருக்கான். அந்தம்மா பிழைக்கலைன்னா கொலைக் கேஸு. ஆயுசு முழுக்க உள்ளேதான்."

ஹெஸ்டர் டோனட்டைத் தொடவில்லை. "ஆரினைப் பார்க்கணும்."

ஆரின் பெல்டனுக்கு நாற்பது வயது. மரம் வெட்டி உரமேறிய தோள். அந்த உடம்புக்கு மேலே, உதட்டைத் தாண்டி வெளியே எட்டிப் பார்க்கும் இரண்டு முன்பற்கள். பள்ளிக்கூடத்தில் எவனோ ஒருவன் 'கேரட்' என்று பெயர் வைக்க, அதுவே ஊருக்கு நிலைத்துவிட்டது. சிறையில் மத்தியானச் சாப்பாடாக ஹாம் சாண்ட்விச் கொடுத்திருந்தார்கள். அதை அவன் கடிக்கவில்லை. கையால் பிய்த்துப் பிய்த்துக் கடைவாயில் போட்டுக்கொண்டிருந்தான்.

ஹெஸ்டர் கொஞ்ச நேரம் அதையே பார்த்துக்கொண்டு நின்றாள். "முன்பல்லால கடிக்க மாட்டியா ஆரின்?"

"மாட்டேன்னு இல்லை மேடம், முடியாது." அவன் வாயை மூடிக் கடித்துக் காட்டினான். மேல்பல் வரிசை முன்னால் நீட்டிக்கொண்டு நின்றது. கீழ்ப்பல் வரிசை எங்கேயோ பின்னால், கீழே. இரண்டுக்கும் நடுவில் ஒரு விரல் நுழையும் சந்து. "ரொட்டியைக் கடிச்சா ரொட்டி சிரிக்கும். சின்ன வயசுலேர்ந்து இப்படித்தான்."

"டாக்டர் ரோனிங் கம்பி போடச் சொல்லலையா?"

"சொன்னாங்க. எங்கப்பா வேணாம்னுட்டாரு. மரத்தைப் பல்லாலயா வெட்டப் போறேன்னாரு." அவன் கையிலிருந்த துண்டைக் கீழே வைத்தான். "மேடம், அந்தம்மாவுக்கு எப்படி இருக்கு? யாரைக் கேட்டாலும் பதில் சொல்ல மாட்டேங்கறாங்க. நான் செஞ்சவன்னு நினைக்கிறதால என்கிட்ட சொல்லக் கூடாதாம்."

"உயிரோடதான் இருக்காங்க."

ஆரின் தலையை ஆட்டினான்.

"அண்ணே, ஒண்ணு கேக்கறேன், கோவிச்சுக்காதீங்க," என்றான் டூலி. "நீங்க அந்த ஆரஞ்சு மாஸ்க் போடுவீங்களா?"

"போட்டுப் பார்த்திருக்கேன். பல்லு ஓட்டையில மாட்டிக்கிட்டு மாஸ்க் சுத்திடும். மானு பார்த்துட்டுச் சிரிச்சுட்டுப் போகும்."

வெளியே வந்து காரில் ஏறினார்கள். டூலி வண்டியைக் கிளப்பாமல் சாவியை விரலில் சுற்றிக்கொண்டிருந்தான்.

"பாஸ், ஒரு சந்தேகம். மண்டையில ரத்தம், பேச மூச்சில்லை. அந்த நேரத்துல நானா இருந்தா 'எத்துப்பல்லு'ன்னு கத்தியிருப்பேன். எதுக்கு 'டீப் ஓவர்பைட்'னு டீச்சர் மாதிரி சொல்லணும்?"

"நீ கார்க்காரன். உன்னை ஒரு வண்டி இடிச்சுட்டுப் போனா என்ன சொல்லுவ? 'நீலக் கலர் வண்டி'ம்பியா?"

"சேச்சே. வருஷம், மாடல், சைலன்ஸர் ஓட்டை வரைக்கும் சொல்லுவேன்."

"அவங்களும் அதைத்தான் சொல்லியிருக்காங்க. நமக்குத்தான் அந்த மாடல் எதுன்னு தெரியலை. கிளினிக்குக்கு விடு."

ரோனிங்கிடமிருந்து கிளினிக்கை வாங்கிய டாக்டர் கிப் லார்கின் முப்பதைத் தாண்டாதவன். அவனுடைய பற்கள் குளியலறை டைல்ஸ் மாதிரி பளபளத்தன. ஹெஸ்டரைப் பார்த்ததும் கைகுலுக்குவதற்கு முன்னால் அவள் வாயைத்தான் பார்த்தான். டூலி பக்கம் திரும்பியவன் லேசாக முகம் சுளித்தான்.

"நான் நோயாளி இல்லை டாக்டர், துணைக்கு வந்தவன்," என்று டூலி வாயைக் கையால் மூடிக்கொண்டான்.

"டாக்டர், ஓவர்பைட்டுன்னா எத்துப்பல்தானே?" என்று ஹெஸ்டர் அப்பாவியாகக் கேட்டாள்.

லார்கின் கண்ணை மூடித் திறந்தான். மதநிந்தனை கேட்ட பாதிரியார் முகம் அப்படித்தான் இருக்கும். "எல்லாரும் இதையே சொல்றீங்க. டிவியில சொல்றான், காமெடிக்காரன் சொல்றான், என் மாமியார் சொல்றாங்க. இல்லவே இல்லை. பல்லு முன்னால நீட்டிக்கிட்டு இருந்தா அது ஓவர்ஜெட். ஜெட்டு விமானம் முன்னால போகுமே, அப்படி ஞாபகம் வெச்சுக்குங்க. ஓவர்பைட்டுங்கறது மேலேர்ந்து கீழே அளக்கிறது. இப்படி." அவன் இடது கையை நிமிர்த்தி, வலது கையின் விரல்களை அதற்கு முன்னால் திரைபோல இறக்கினான். "கடிச்ச நிலையில மேல்பல்லு கீழ்ப்பல்லை எவ்வளவு மூடுதுங்கறதுதான் ஓவர்பைட். எல்லாருக்கும் கொஞ்சம் இருக்கும். இருக்கணும்."

"எவ்வளவுன்னு எப்படிச் சொல்லுவீங்க?"

"சதவிகிதத்துலதான். கீழ்ப்பல்லுல கால்வாசி மறைஞ்சா இருபத்தஞ்சு. பாதி மறைஞ்சா ஐம்பது."

டூலிகூட வாயைத் திறக்கவில்லை. அந்த வருடத்தில் அதுவே பெரிய அதிசயம்.

"நூறு சதவிகிதம்னா?" என்றாள் ஹெஸ்டர் மெதுவாக.

"டீப் ஓவர்பைட். கீழ்ப்பல்லு சுத்தமாத் தெரியாது. பல்லைக் கடிச்சுச் சிரிச்சா மேல்வரிசை மட்டும்தான் இருக்கும், கீழே ஒண்ணுமே இல்லாத மாதிரி. பார்க்க அசிங்கமா இருக்காது. சில பேருக்கு அழகாக்கூட இருக்கும். பக்கத்துல உட்கார்ந்து சாப்பிடுறவனுக்கே தெரியாது. எங்களுக்குத்தான் தெரியும்."

"ஆரின் பெல்டனுக்கு எத்தனை சதவிகிதம்?"

"கேரட்டுக்கா?" லார்கின் சிரித்தான். "பூஜ்யம்கூட இல்லை. அவனுக்குத்தான் மேல்பல்லும் கீழ்ப்பல்லும் சந்திக்கறதே இல்லையே. ஓவர்ஜெட் வேணும்னா உலக சாதனை. ஓவர்பைட் கிடையாது."

"டாக்டர், அவரு நாலு நாளா உள்ளே இருக்காரு. இதை நீங்க ஷெரிஃப்கிட்ட சொல்லியிருக்கலாமே?"

"என்னை யாரும் கேக்கலையே," என்றான் லார்கின். அவன் முகத்தில் வெட்கம் துளியும் இல்லை.

கிளம்பும்போது ஹெஸ்டர் வாசலில் நின்று திரும்பினாள். "டாக்டர் ரோனிங் கடைசியா எப்போ இங்கே வந்தாங்க?"

"போன மாசம். சொல்லவே சங்கடமா இருக்கு. அவங்களுக்கு நினைவு தடுமாறுதுன்னு நினைக்கிறேன். அச்செடுக்கிற பொடி, அந்த ரோஸ் கலர் பசை இருக்கே, அது ஒரு வாளி வேணும்னாங்க. ஒரு வாய்க்கு ஒரு கிண்ணம் போதும். யாருக்குன்னு கேட்டேன். 'புது நோயாளி. பல்லு நூத்துக்கணக்குல இருக்கு. ரொம்ப நல்லவன். வாயைத் திறந்தா மூடவே மாட்டான், வலிக்குதுன்னு ஒரு வார்த்தை சொல்ல மாட்டான்'னாங்க. சிரிச்சுக்கிட்டே போனாங்க. பாவம்."

காரில் டூலி சொன்னான்: "பாஸ், வாயைத் திறந்தா மூடாத ஆளுன்னா எனக்கு ஒருத்தரைத்தான் தெரியும். ஆனா என்னை யாரும் நல்லவன்னு சொன்னதில்லை."

வெள்ளிக்கிழமை சாயங்காலம் ஓஸ்ட்பியில் எல்லோரும் வாயைத் திறக்கும் இடம் ஒன்றுதான். அவள் ஷெரிஃபுக்குப் போன் போட்டாள்.

எமெட் வாண்டர்லூவின் சப்பர் கிளப்பில் வெள்ளிக்கிழமை மீன் வறுவலுக்கு இடம் கிடைக்காமல் ஜனங்கள் பார் ஓரத்தில் பிராந்தி ஓல்ட் ஃபேஷண்ட் காக்டெயிலை உறிஞ்சிக்கொண்டு நிற்பார்கள். பாதிப் பேர் வேட்டையிலிருந்து நேராக வந்தவர்கள். ஆரஞ்சு உடுப்பு மாற்றியிருக்க மாட்டார்கள். எமெட் ஒவ்வொரு மேஜையாகப் போய் முதுகில் தட்டிப் பேசுவான். குழந்தைகளுக்குச் செர்ரி போட்ட சோடா இலவசம். பாருக்கு மேலே கண்ணாடிப் பெட்டி இல்லாமல், சுவரிலேயே, ஆளுயரத்துக்கு ஒரு மஸ்கி மீன். ஓஸ்ட்பி ஏரியில் இதுவரை பிடித்ததிலேயே நீளமானது. எமெட்டே பிடித்து, பாடம் செய்து மாட்டியது. அதனோடு நின்று படம் எடுத்துக்கொள்ள சிக்காகோவிலிருந்து ஆட்கள் வருவார்கள். வந்தவர்கள் சாப்பிடாமல் போக முடியாது. அந்த மீன்தான் கிளப், கிளப்தான் எமெட்.

ஷெரிஃப் ஹௌக் வாசலிலேயே காத்திருந்தார். ஓவர்பைட், ஓவர்ஜெட் என்று ஹெஸ்டர் விளக்கிச் சொன்னதையெல்லாம் பொறுமையாகக் கேட்டுவிட்டுச் சொன்னார்:

"அதெல்லாம் படிச்சவங்க பேச்சு மேடம். ஊர்ல ஓவர்பைட்டுன்னா எத்துப்பல்லுதான்."

"ஊரா சாட்சி சொல்லுச்சு? சொன்னது பல் டாக்டர்."

"ஷெரிஃப், ஒரு நிமிஷம். தேர்தலுக்கு உதவும், ஒரு படம் எடுத்துக்கறேன்," என்று டூலி போனைத் தூக்கினான். "பல்லைக் கடிச்சுக்கிட்டு 'சீஸ்'னு சொல்லுங்க. சீஸுக்குப் பேர் போன விஸ்கான்ஸின்காரர், சொல்லித் தரவா வேணும்!"

"சீஸ்," என்றார் ஷெரிஃப். படம் என்றால் அவருக்கு உயிர்.

டூலி போனைப் பார்த்தான். அப்புறம் ஹெஸ்டரிடம் நீட்டினான். அவள் பார்த்துவிட்டு ஷெரிஃபிடம் நீட்டினாள். திரையில் ஷெரிஃப் சிரித்துக்கொண்டிருந்தார். மேல்வரிசைப் பற்கள் வெள்ளையாக, வரிசையாக. கீழ்வரிசை இல்லவே இல்லை.

"வாழ்த்துக்கள்," என்றான் டூலி. "நூத்துக்கு நூறு. பள்ளிக்கூடத்துல இப்படி வாங்கியிருந்தா இந்த வேலைக்கே வந்திருக்க மாட்டீங்க."

ஷெரிஃப் தன் உதட்டைத் தொட்டுப் பார்த்துக்கொண்டார். "இதெல்லாம்... திங்கட்கிழமை நான் கவுண்டி மீட்டிங்ல இருந்தேன். நாப்பது பேரு பார்த்திருக்காங்க! பல்லு எப்படியிருந்தா என்ன? வெறும் பல்லை வெச்சு ஒரு மனுஷனைப் பிடிச்சு உள்ளே போட முடியுமா?"

"இன்னிக்குக் காலை வரைக்கும் முடிஞ்சுதே," என்றாள் ஹெஸ்டர்.

ஷெரிஃபின் முகத்தில் முதல் தடவையாக ஏதோ ஒன்று உள்ளே இறங்குவது தெரிந்தது.

உள்ளே டூலி தன் பழைய தொழிலை ஆரம்பித்தான். மேஜை மேஜையாகப் போய், "ஊர்க் காலண்டருக்குப் படம் எடுக்கறோம், பல்லைக் கடிச்சு சீஸ் சொல்லுங்க" என்றான். ஒருவரும் மறுக்கவில்லை. மீனும் கோஸ் சாலடும் ஒட்டிய பல்லோடு ஊரே இளித்தது. பாதி மறைந்தவை, கால்வாசி மறைந்தவை, கட்டின பல், ஓட்டைப் பல். டாக்டர் ரோனிங் தன் ஆயுளில் செய்த வேலை அத்தனையும் வரிசையாக வந்தது. கீழ்ப்பல் காணாமல் போன வாய் மட்டும் அகப்படவில்லை.

"என்னை விட்டுட்டீங்களே!" என்று எமெட் வாண்டர்லூவே டூலியின் தோளில் கைபோட்டான். "ஊர்க் காலண்டர்ல நான் இல்லாமலா? அந்த மீனுக்குக் கீழே நிக்கறேன். மீனும் விழணும். சீஸ்!"

படம் விழுந்தது. மேலே, திறந்த வாயோடு மீன். கீழே எமெட்டின் புகழ்பெற்ற சிரிப்பு. மேல்வரிசை முழுசாக. கீழே ஒன்றுமே இல்லை.

டூலி ஹெஸ்டரின் காதில் குனிந்தான். "பாஸ், இரண்டாவது நூறு. ஆனா இது எப்படி? இந்த ஆளு கிழவிங்களுக்குக் கோட்டு மாட்டிவிடுறவன். இவனுக்கு அந்தம்மா வீட்டுல என்ன வேலை?"

ஹெஸ்டர் எமெட்டைப் பார்க்கவில்லை. படத்தில் மேலே இருந்த மற்றொரு வாயைப் பார்த்துக்கொண்டிருந்தாள். பல்லு நூற்றுக்கணக்கில். திறந்தால் மூடவே மாட்டான். வலிக்கிறது என்று ஒரு வார்த்தை சொல்ல மாட்டான்.

அவள் பார் ஓரத்திலிருந்த ஒரு ஸ்டூலை இழுத்துப் போட்டு மேலே ஏறினாள். ஐம்பத்தெட்டு வயது அம்மாள் ஒருத்தி ஸ்டூல்மேல் ஏறி மீன் வாய்க்குள் தலையை விடுவதை ஓஸ்ட்பி அதுவரை பார்த்ததில்லை.

"என்ன மேடம், வறுத்தது பத்தலையா?" எமெட் சிரித்தான். ஆனால் அவன் கை பார் துணியைப் பிசைந்துகொண்டிருந்தது.

மேல்தாடையில், பெரிய கோரைப்பற்களின் இடுக்கில், ரோஸ் கலரில் காய்ந்த துணுக்குகள். ஹெஸ்டர் ஒன்றை நகத்தால் நெம்பி எடுத்தாள். கீழ்த்தாடையையும் பார்த்தாள். அங்கே ஒரு துணுக்குகூட இல்லை.

"எமெட், நீங்க இல்லாதப்போ டாக்டர் ரோனிங் உங்க மீன் வாய்க்கு அச்செடுத்திருக்காங்க. தெரியுமா?"

"மீனுக்கா? அந்தக் கிழவி கொஞ்ச நாளாவே ஒரு மாதிரி. எனக்கென்ன தெரியும்?"

"ஒண்ணுமே தெரியாதா?"

"ஒண்ணும் தெரியாது. அவங்க வீட்டுப் பக்கம்கூட நான் போனதில்லை."

"பரவாயில்லை." ஹெஸ்டர் ஸ்டூலிலிருந்து இறங்காமலே பேசினாள். எல்லோருக்கும் கேட்க வேண்டும் என்றுதான். "அவங்க அந்த பிளாஸ்டர் அச்சை எங்ககிட்ட கொடுத்து வெச்சிருக்காங்க. பாவம், பெரிய வேலை. மேல்தாடை, கீழ்த்தாடை ரெண்டும் அப்படியே தத்ரூபமா..."

"பொய்!" எமெட்டின் குரல் உடைந்தது. "கீழ்த்தாடை ஏது? அதுல மேல்தாடை மட்டும்தானே இருந்துது!"

சொல்லி முடித்த பிறகுதான் அவனுக்கே காதில் விழுந்தது.

"எதுல எமெட்?" என்றார் ஷெரிஃப்.

எமெட் பார் துணியை நாலாக மடித்தான்.

"எதுல?" ஷெரிஃப் அவன் பக்கத்தில் வந்து நின்றார். "அந்த வீட்டுப் பக்கமே போகாத ஆளுக்கு, அங்கே இருந்த அச்சுல எந்தத் தாடை இருந்துதுன்னு எப்படித் தெரியும்?"

எமெட் வாண்டர்லூ தன்னுடைய மீனை நிமிர்ந்து பார்த்தான். பிறகு ஒரு வாடிக்கையாளன்போலத் தானே ஒரு நாற்காலியை இழுத்து உட்கார்ந்தான்.

"போன வாரம் போன் பண்ணினா," என்றான். "சிரிச்சா. 'எமெட், மஸ்கிக்குப் பெரிய பல்லு கீழ்த்தாடையிலதான் இருக்கும். உன் மீனுக்கு மட்டும் மேல்தாடையில நாய்ப் பல்லு முளைச்சிருக்கே'ன்னா. சாதனைக்கு ஒரு ஜாண் குறைஞ்சுது. மூக்கை மரத்துல நீட்டினேன். மொட்டையா இருந்துது, கைக்குக் கிடைச்ச பல்லைச் செருகினேன். பத்தொன்பது வருஷம், ஒருத்தன் கண்டுபிடிக்கலை. எத்தனை பேரு வந்து படம் எடுத்தாங்க! அவ சாப்பிட வந்த இடத்துல, முட்கரண்டியைக் கையில வெச்சுக்கிட்டே கண்டுபிடிச்சுட்டா. ஊர்க் கூட்டத்துல எல்லார் எதிரிலயும் அச்சை வெச்சுச் சொல்லப் போறேன்னா. அதை மட்டும் எடுத்துட்டு வந்துடலாம்னுதான் போனேன். அவ இறங்கி வருவான்னு நினைக்கலை. சத்தியமா அலமாரி அவ்வளவு கனமா இருக்கும்னு..." அவன் முகத்தைக் கையால் மூடிக்கொண்டான்.

"ஆரின் உள்ளே போனப்போ என்ன நினைச்சீங்க?" என்று ஹெஸ்டர் கேட்டாள்.

"நான் ஒண்ணும் அவன் பேரைச் சொல்லலையே," என்றான் எமெட், கைக்குள்ளிருந்தே. "ஊரேதான் சொல்லுச்சு."

பல பேர் தட்டைப் பார்த்துக்கொண்டார்கள்.

டெபுடி வந்து எமெட்டை அழைத்துக்கொண்டு போனபோது ஷெரிஃபின் போன் அடித்தது. ஆஸ்பத்திரி. அவர் கேட்டார், விழித்தார், போனை ஹெஸ்டரிடம் நீட்டினார். "கண்ணைத் திறந்துட்டாங்களாம். யாராவது பேசணுமாம்."

"டாக்டர், நான் ஹெஸ்டர் க்விஸ்ட். ஆளைப் பிடிச்சாச்சு."

"யாரு?" என்றது அந்தக் கிழக்குரல், சன்னமாக.

"எமெட் வாண்டர்லூ."

"அடப்பாவி. அவன் மீன் வாயைத்தான் பார்த்தேன், அவன் வாயைப் பார்க்காம விட்டுட்டேனே." கொஞ்சம் மூச்சு வாங்கினாள். "இவ்வளவு நாளா? நான்தான் அளவு முதற்கொண்டு சொல்லிட்டேனே!"

"சொன்னீங்க டாக்டர். அதுல ஒரு சின்னக் குழப்பம். எத்துப்பல்லுன்னு நினைச்சு ஆரின் பெல்டனை உள்ளே போட்டுட்டாங்க."

அதற்கு டாக்டர் அமேலியா ரோனிங் சொன்னது அச்சில் போடக்கூடியதல்ல. ஷெரிஃபின் அறிவு, வம்சம், பல் வரிசை மூன்றையும் பற்றியது. நர்ஸ் போனைப் பிடுங்கித்தான் வைக்க வேண்டியிருந்தது.

கிளப் முதலாளி சிறைக்குப் போய்விட்டான் என்பதற்காக எண்ணெய் ஆறிவிடுமா? சமையல்காரன் வறுத்துக்கொண்டே இருந்தான், ஜனங்கள் சாப்பிட்டுக்கொண்டே இருந்தார்கள். ஷெரிஃபே போய் ஆரினைத் தன் ஜீப்பில் கூட்டிக்கொண்டு வந்தார். அவன் உள்ளே நுழைந்ததும் எல்லோரும் எழுந்து நின்று கைதட்டினார்கள். மூன்று நாள் முன்பு, கைது செய்தி வந்தபோதும் இதே கூட்டம் இதே இடத்தில் கைதட்டியதாக பார் ஊழியன் டூலியிடம் முணுமுணுத்தான்.

ஆரினை நடு மேஜையில் உட்கார வைத்து, மலைபோல மீன் வைத்தார்கள். ஷெரிஃப் ஒரு கரண்டியால் கிளாஸைத் தட்டினார்.

"நண்பர்களே, ஒரு தப்பு நடந்துபோச்சு. யார்மேல தப்புன்னு இப்போ ஆராய வேண்டாம். இனிமே இப்படி நடக்கக் கூடாது, அதான் முக்கியம். அதனால எல்லாருமா சேர்ந்து ஒரு முடிவு பண்ணியிருக்கோம். ஊர்ச் செலவுல ஆரினுக்குப் பல்லுக்குக் கம்பி போட்டுடலாம்!"

மறுபடியும் கைதட்டல். மீன் சாப்பிட வந்திருந்த டாக்டர் லார்கின் எழுந்து, பாதிக் கட்டணம் போதும் என்று அறிவித்தான். அதற்கும் கைதட்டினார்கள். யாரோ மூக்கைச் சிந்தினார்கள்.

டூலி ஹெஸ்டரைப் பார்த்தான்.

ஆரின் வாயைத் துடைத்துக்கொண்டான். கூட்டம் பேச்சை எதிர்பார்த்து அடங்கியது.

"நாலு நாளா உங்க கம்பியைத்தான் எண்ணிக்கிட்டிருந்தேன், ஷெரிஃப்," என்றான். "வாய்க்குள்ள வேற எதுக்கு?"

கைதட்ட உயர்ந்த சில கைகள் பாதியில் நின்றன. ஆரின் மீன் துண்டை விரலால் பிய்த்துக் கடைவாயில் போட்டு, நிதானமாக மெல்ல ஆரம்பித்தான்.